பதவிப் பொறாமையும் விலங்கின் இயல்பூக்கமும்

கேள்வி: எனக்கு வயது 47. ஒரு நிறுவனத்தில் ஒரு பிரிவின் பொறுப்பாளராக இருக்கிறேன். ஓராண்டுக்கு முன்பு எங்கள் பிரிவில் சேர்ந்த இளம்பெண் ஒருவரை, அண்மையில் நடந்த கூட்டத்தில் மேலாளர் எல்லோர் முன்னிலையிலும் பாராட்டினார். அந்த நொடியில் என் முகம் சூடேறியது, நெஞ்சு படபடத்தது, வயிறு இறுகியது. அவர் பாராட்டுப் பெற்ற திட்டத்தின் முதல் வரைவு நான் தயாரித்தது. அன்று முதல் அவருக்குப் போய்ச் சேர வேண்டிய தகவல்களை வேண்டுமென்றே தாமதமாக அனுப்புகிறேன். உணவு இடைவேளையில் மற்றவர்கள் அவரைக் கேலி செய்யும்போது, மனம் ஒப்பாவிட்டாலும் நானும் சேர்ந்து சிரிக்கிறேன். இதை என் தம்பியிடம் சொன்னேன். "இதில் வெட்கப்பட என்ன இருக்கிறது அக்கா? ஓநாய்க் கூட்டத்தில் ஆல்ஃபா, அதாவது தலைமை ஓநாய், ஒன்றுதான் இருக்க முடியும். நாமும் விலங்குகள்தாம். அடக்கு, இல்லாவிட்டால் அடங்கு" என்றான். அவன் சொல்வது உண்மையா? உண்மை என்றால், எனக்குள் இருக்கும் இந்த விலங்கை விரட்ட வழி உண்டா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் தம்பி சொன்னதில் ஒரு பகுதி உண்மை என்பதால் அதை முதலில் ஒப்புக்கொண்டு விடுகிறேன். மனிதர் கூடி வாழும் விலங்கினம். கூட்டத்தில் தனக்குரிய இடம் எது, அந்த இடம் உயர்கிறதா தாழ்கிறதா என்பதைக் கவனித்துக்கொண்டே இருக்கும் பழக்கம் மனித இனம் தோன்றுவதற்கு வெகுகாலம் முன்பே பாலூட்டிகளிடமும் பறவைகளிடமும் இருந்தது. கூட்டத்தில் உங்கள் நெஞ்சு படபடத்ததும் வயிறு இறுகியதும் நீங்கள் யோசித்து எடுத்த முடிவுகள் அல்ல. ஆபத்தை உணர்ந்த உடல் அட்ரினலின் என்ற இயக்குநீரைச் சுரந்து, செரிமானத்தை நிறுத்தி வைத்து, தசைகளுக்கு இரத்தத்தைத் திருப்பிவிடும் ஏற்பாட்டின் பகுதிகள் அவை. இந்த ஏற்பாடு எதிரியைக் கண்ட குரங்குக்கும் உண்டு, எலிக்கும் உண்டு. எனவே அந்த உணர்வு எழுந்ததற்காக நீங்கள் குற்ற உணர்வு கொள்ள வேண்டியதில்லை. ஆனால் உணர்வு எழுந்ததும் தகவலைத் தாமதப்படுத்தியதும் ஒரே செயல் அல்ல. உங்கள் தம்பி அந்த இரண்டையும் ஒன்றாகக் கட்டிவிட்டார் என்பதுதான் அவரோடு எனக்குள்ள முதல் கருத்து வேறுபாடு.

இரண்டாவது வேறுபாடு அவர் சுட்டிய ஓநாயைப் பற்றியது. அதைச் சற்று விரிவாகவே சொல்ல விரும்புகிறேன். ஏனென்றால் அலுவலகங்களிலும் குடும்பங்களிலும் பிறரை மிதிப்பவர்கள் தமக்கு ஆதரவாக அழைக்கும் முதல் சாட்சி பெரும்பாலும் இந்த ஓநாய்தான். சுவிட்சர்லாந்தின் பாசல் நகர விலங்குக் காட்சிசாலையில் அடைத்து வைக்கப்பட்டிருந்த ஓநாய்களைக் கவனித்த ருடால்ஃப் ஷெங்கல், 1947-இல் வெளியிட்ட ஆய்வில், அவை முதலிடத்துக்காக ஓயாமல் மோதிக்கொள்வதை விவரித்தார். அமெரிக்க ஆய்வாளர் டேவிட் மெக் 1970-இல் ஓநாய்களைப் பற்றி எழுதிய நூல் இந்தக் கருத்தைப் பொதுமக்களிடம் பரப்பியது. ஆனால் ஷெங்கல் கண்ட ஓநாய்கள் இயற்கையான ஒரு கூட்டம் அல்ல. விலகிப் போக வழியில்லாத ஓர் அடைப்புக்குள் மனிதர்கள் கொண்டுவந்து சேர்த்து வைத்தவை அவை. பின்னாளில் கனடாவின் வடகோடியில் உள்ள எல்ஸ்மியர் தீவில், 1986 முதல் பல கோடைகளில் காட்டு ஓநாய்களை அருகிலிருந்து கவனித்த அதே டேவிட் மெக், ஓநாய்க் கூட்டம் என்பது பெரும்பாலும் ஒரு தாயும் தந்தையும் அவற்றின் வெவ்வேறு வயதுக் குட்டிகளும் அடங்கிய குடும்பம்தான் என்று 1999-இல் எழுதினார். அங்கே தலைமை என்பது பெற்றோரின் இடம். அந்த இடம் சண்டையிட்டுப் பறிக்கப்படுவதில்லை. வளர்ந்த பிள்ளைகள் பெற்றோரை வீழ்த்திப் பதவி ஏறுவதற்காகக் காத்திருப்பதில்லை. உரிய வயதில் பிரிந்து சென்று வேறு துணையைத் தேடிக்கொள்கின்றன. மெக் தம் பழைய நூலை அச்சிடுவதை நிறுத்தும்படி பதிப்பகத்தாரிடம் பலமுறை கேட்டுக்கொண்டார். ஆய்வாளரே கைவிட்ட ஒரு கருத்தை அவருடைய வாசகர்கள் இன்னும் விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள்.

ஷெங்கலின் ஓநாய்கள் பொய் சொல்லவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். முன்பின் அறியாதவர்களை வெளியேற வழியில்லாத இடத்தில் நெருக்கமாக அடைத்து வைத்தால் என்ன நடக்கும் என்பதை அவை காட்டின. சில அலுவலகங்களைப் பார்க்கும்போது எனக்கு அந்த அடைப்பு நினைவுக்கு வருவதுண்டு.

படிநிலை என்ற ஒன்றே விலங்குகளிடம் இல்லை என்று நான் சொல்வதாக எண்ண வேண்டாம். நார்வே நாட்டின் தோர்லைஃப் ஷெல்டெரப்-எப்பே, தாம் சிறு வயதிலிருந்தே கவனித்து வந்த கோழிகளைப் பற்றி 1920-களின் தொடக்கத்தில் எழுதினார். எந்தக் கோழி எதைக் கொத்தலாம், எது எதற்கு வழிவிட வேண்டும் என்று ஒரு நிலையான வரிசை அவற்றிடம் இருப்பதை அவர் காட்டினார். இந்தக் கண்டுபிடிப்பை மேற்கோள் காட்டுபவர்கள், கொத்துவதை மட்டுமே நினைவில் வைத்துக்கொள்கிறார்கள். அந்த வரிசை எதற்காக இருக்கிறது என்பதைக் கேட்பதில்லை. வரிசை ஒருமுறை நிலைபெற்றுவிட்டால் சண்டை குறைகிறது. தீவனத்துக்காகத் தினமும் புதிதாக மோதிக்கொள்ள வேண்டிய தேவை எழுவதில்லை. 1940-களில் செய்யப்பட்ட ஆய்வுகளில், கூட்டத்தின் உறுப்பினர்களை அடிக்கடி மாற்றிக்கொண்டே இருந்தபோது கோழிகள் அதிகமாகக் கொத்திக்கொண்டன, குறைவாகத் தின்றன, முட்டையும் குறைவாகவே இட்டன. அதாவது படிநிலை என்பது சண்டையைத் தவிர்ப்பதற்காக உருவான ஏற்பாடு. அந்த ஏற்பாடு குலைந்து, தன் இடம் எது என்பது தெளிவில்லாமல் போகும்போதுதான் பதற்றம் உச்சத்தை அடைகிறது. பாராட்டுக் கூட்டத்தில் உங்களுக்கு நேர்ந்ததும் ஏறத்தாழ இதுதான் என்று நினைக்கிறேன். அந்தப் பெண் உங்கள் பதவியைப் பறிக்கவில்லை. ஆனால் உங்கள் இடம் இன்னது என்ற உறுதி சில நிமிடங்களுக்கு ஆட்டம் கண்டது.

நமக்கு மிக நெருங்கிய உறவினங்களைப் பார்த்தால் 'அடக்கு, இல்லாவிட்டால் அடங்கு' என்ற சூத்திரம் இன்னும் பலவீனமாகிறது. பபூன், ரீசஸ் போன்ற குரங்கினங்களில் பெண் குரங்கின் இடம் பெரும்பாலும் தாயிடமிருந்து வருகிறது. அந்த இனங்கள் பலவற்றில், பிறகு பிறந்த தங்கை வளர்ந்ததும் தன் அக்காவைவிட உயர்ந்த இடத்தைப் பெறுகிறாள் என்பது உங்களுக்கு வேடிக்கையாக இருக்கக்கூடும். அங்கே உயர்வு தனிப்பட்ட வலிமையால் வருவதில்லை, யார் யாருக்குத் துணை நிற்கிறார்கள் என்பதால் வருகிறது. சிம்பன்சி ஆண்களிடமும் அப்படித்தான். நெதர்லாந்தின் ஆர்னெம் விலங்குக் காட்சிசாலையில் 1970-களில் சிம்பன்சிகளைக் கவனித்த ஃபிரான்ஸ் டி வால், தலைமையை முடிவு செய்பவை வெறும் தசைகள் அல்ல, கூட்டணிகளே என்று காட்டினார். சண்டையிட்ட இரண்டு சிம்பன்சிகள் சற்று நேரத்தில் ஒன்றையொன்று தேடிச் சென்று கட்டித் தழுவி, முத்தமிட்டுச் சமாதானம் செய்துகொள்வதையும் அவர் 1979-இல் பதிவு செய்தார். சிம்பன்சியின் நெருங்கிய உறவினமான போனோபோக்களிடம் பெண்கள் ஒன்றுசேர்ந்து முரட்டு ஆண்களைக் கட்டுப்படுத்துகின்றன. நம் மரபணுத் தொடரில் ஏறத்தாழ 98.7 விழுக்காடு சிம்பன்சியோடும் அதே அளவு போனோபோவோடும் ஒத்துப்போகிறது. இவற்றில் எந்த உறவினரைச் சாட்சிக்கு அழைப்பது என்பதை நாம்தான் தேர்ந்தெடுக்கிறோம். விலங்கைச் சாட்சிக்கு அழைப்பவர் தமக்கு வேண்டிய விலங்கையே அழைப்பார். இதை உங்கள் தம்பியிடம் நீங்கள் சிரித்துக்கொண்டே சொல்லலாம்.

இனி, 'உள்ளே இருக்கும் விலங்கை விரட்டுவது' என்ற உங்கள் கேள்விக்கு வருகிறேன். இயல்பூக்கம் என்றதும் நாம் மாற்ற முடியாத ஒரு கட்டளையை நினைத்துக்கொள்கிறோம். பாலூட்டிகளின் வாழ்வில் அது பெரும்பாலும் கட்டளையாக இருப்பதில்லை, சிலவற்றை எளிதாகக் கற்றுக்கொள்ளும் ஆயத்தமாக இருக்கிறது. இதைத் தெளிவாக விளக்கும் ஆய்வு சூசன் மினேக்காவும் அவருடைய குழுவினரும் 1980-களில் செய்தது. ஆய்வகத்தில் பிறந்து வளர்ந்த ரீசஸ் குரங்குகளுக்குப் பாம்பைக் கண்டால் அச்சம் இல்லை. ஆனால் காட்டில் வளர்ந்த குரங்கு ஒன்று பாம்பைக் கண்டு நடுங்குவதைப் பார்த்தவுடன் அவையும் பாம்புக்கு அஞ்சக் கற்றுக்கொண்டன. ஒளிப்பதிவுகளைத் திருத்தி, வேறொரு குரங்கு பூக்களைக் கண்டு நடுங்குவதுபோல் காட்டியபோது, பூவுக்கு அஞ்ச அவை கற்றுக்கொள்ளவில்லை. பாம்பச்சம் பிறவியிலேயே முழுமையாக இருக்கவில்லை, வெறும் பழக்கத்தாலும் வந்துவிடவில்லை. கற்கும் ஆயத்தம் பிறவியில் இருந்தது, கற்பித்தது கூட்டம்.

மனிதரின் பொறாமையையும் அந்நியர் மீதான சந்தேகத்தையும் நான் இப்படியே பார்க்கிறேன். அவற்றுக்கான ஆயத்தம் நம் எல்லோரிடமும் உண்டு. ஆனால் யாரைப் பார்த்துப் பொறாமைப்படுவது, எதை அவமானமாகக் கொள்வது, அந்தச் சூடு எழுந்தவுடன் கை எந்தக் காரியத்தைச் செய்வது என்பதையெல்லாம் வளர்ந்த வீடும் வேலை செய்யும் இடமும் கற்றுக்கொடுக்கின்றன. எனவே விரட்டுவதற்கு உங்களுக்குள் தனியாக ஒரு விலங்கு இல்லை. மாற்றக்கூடியது உங்கள் எதிர்வினையும், அந்த எதிர்வினையை வளர்க்கும் சூழ்நிலையும்தான்.

இங்கே உங்கள் கடிதத்தில் போகிற போக்கில் சொல்லப்பட்ட ஒரு வாக்கியத்தில் நான் நின்றுவிட்டேன்: "அவர் பாராட்டுப் பெற்ற திட்டத்தின் முதல் வரைவு நான் தயாரித்தது." அடுத்த வாக்கியத்திலேயே உங்கள் குற்றங்களைப் பட்டியலிடத் தொடங்கி, இதை நீங்களே கடந்து போய்விட்டீர்கள். சாரா பிராஸ்னனும் ஃபிரான்ஸ் டி வாலும் 2003-இல் வெளியிட்ட ஆய்வு ஒன்றை இங்கே சொல்ல வேண்டும். ஒரு சிறிய கல்லைத் திருப்பித் தந்தால் வெள்ளரித் துண்டு கிடைக்கும் என்று பழகியிருந்த கபுச்சின் குரங்குகள், அதே வேலைக்குப் பக்கத்தில் இருக்கும் குரங்குக்குத் திராட்சை கிடைப்பதைக் கண்டதும், அதுவரை மகிழ்ச்சியோடு தின்ற வெள்ளரியை மறுக்கத் தொடங்கின. சில குரங்குகள் அதைக் கூண்டுக்கு வெளியே வீசின. பின்னர் மற்றவர்கள் செய்த ஆய்வுகள் சில இதே முடிவைத் தரவில்லை என்பதால், குரங்குகளுக்கு நீதியுணர்வு உண்டு என்று உறுதியாகச் சொல்ல நான் தயங்குகிறேன். ஆனால் சம உழைப்புக்குச் சமமற்ற பலன் கிடைக்கும்போது மனிதருக்குச் சினம் எழும் என்பதில் ஐயமே இல்லை. நீங்கள் பொறாமை என்று பெயரிட்டிருக்கும் உணர்வில் ஒரு பகுதி நியாயமான குறையாக இருக்கலாம். உழைப்புக்கு உரிய பெயர் கிடைக்காமல் போனது உண்மையானால், அதை மேலாளரிடம்தான் பேச வேண்டும். உங்கள் உள்ளத்துக்கு மருத்துவம் பார்ப்பதால் அது சரியாகாது. அந்தப் பேச்சு நடக்காததால்தான் கோபம் அந்த இளம்பெண்ணின் பக்கம் திரும்பியது. தன்னைவிட உயர்ந்த விலங்கிடம் அடிபட்ட குரங்கு தன்னைவிடத் தாழ்ந்த இன்னொன்றின்மீது உடனே பாய்வதை பபூன் கூட்டங்களில் ஆய்வாளர்கள் திரும்பத் திரும்பக் கண்டிருக்கிறார்கள். உங்கள் தம்பி தேடும் விலங்குக் குணம் உங்கள் செயலில் எங்காவது இருக்கிறதென்றால், அது கோபத்தின் இந்த இடமாற்றத்தில்தான் இருக்கிறது, தலைமைப் போட்டியில் அல்ல.

உணவு இடைவேளையில் நீங்கள் சேர்ந்து சிரிப்பது வேறு வகையான காரியம். அதற்குப் பின்னால் இருப்பது பொறாமை அல்ல, அச்சம். கூட்டத்திலிருந்து ஒதுக்கப்படுவது என்பது நம் மூதாதையருக்கு வாழ்வா சாவா என்ற பிரச்சினை. தனியே விடப்பட்ட குரங்கு வேட்டை விலங்குகளிடம் விரைவில் சிக்கிக்கொள்ளும். அதன் எச்சம் இன்றும் நம் நரம்புகளில் இருக்கிறது. 2003-இல் நவோமி ஐசன்பெர்கரும் உடன் ஆய்வாளர்களும், கணினியில் பந்தெறியும் விளையாட்டு ஒன்றில் ஒருவருக்குப் பந்தே வராமல் செய்து, அப்போது அவருடைய மூளையைப் படமெடுத்தார்கள். உடல் வலியின் வேதனையோடு தொடர்புடைய ஒரு பகுதி அப்போதும் கூடுதலாக இயங்கியது. பந்தை எறியாமல் இருப்பது வெறும் கணினிதான் என்று முன்கூட்டியே சொல்லிவிட்டாலும் ஒதுக்கப்பட்டவரின் மனம் நொந்துபோவதை இன்னோர் ஆய்வு காட்டியது. ஒரு இயந்திரம் ஒதுக்கினாலே இப்படி என்றால், நாள்தோறும் உடன் உண்பவர்கள் ஒதுக்கிவிடுவார்களோ என்ற அச்சத்தில் ஒருவர் சிரித்துவிடுவதில் வியப்பில்லை.

அந்தச் சிரிப்பு அந்தப் பெண்ணை எங்கே கொண்டுபோய் நிறுத்துகிறது என்பதையும் நீங்கள் எண்ணிப் பார்க்க வேண்டும். பிரிட்டனில் ஹென்றி தாஜ்ஃபெல் 1970-ஐ ஒட்டிய ஆண்டுகளில் பள்ளிச் சிறுவர்களை வைத்துச் செய்த ஆய்வில், எந்த ஓவியரின் படத்தை விரும்புகிறார்கள் என்ற அற்பமான காரணத்தைச் சொல்லி அவர்களை இரு குழுக்களாகப் பிரித்தார். உண்மையில் பிரிவினை குருட்டாம்போக்கில் செய்யப்பட்டது. ஆனாலும் தம் குழுவில் யார் இருக்கிறார்கள் என்றுகூடத் தெரியாத அந்தச் சிறுவர்கள், பணத்தைப் பங்கிடும்போது தம் குழுவுக்கே அதிகம் கொடுத்தார்கள். சில வேளைகளில் தம் குழுவுக்குக் கிடைக்கும் தொகை குறைந்தாலும் பரவாயில்லை, மற்றக் குழுவோடு உள்ள வித்தியாசம் கூட வேண்டும் என்றே தேர்ந்தெடுத்தார்கள். 'நாம்', 'அவர்' என்ற கோட்டைப் போட மனிதருக்கு இவ்வளவு சிறிய காரணம் போதும். உங்கள் அலுவலகத்தில் அந்தக் கோட்டைப் போட, ஒருவர் புதியவர் என்பதும் பாராட்டுப் பெற்றவர் என்பதும் போதுமானதாக இருந்திருக்கிறது.

இவை எல்லாம் இயற்கையானவை என்றால் ஏற்கத்தக்கவைதாமே என்று உங்கள் தம்பி கேட்கக்கூடும். ஒரு சிங்கக் கூட்டத்தைப் புதிதாகக் கைப்பற்றும் ஆண் சிங்கங்கள் முன்பிருந்த ஆண்களுக்குப் பிறந்த குட்டிகளைக் கொல்வதும் இயற்கையானதுதான். அதை முன்மாதிரியாக யாரும் எடுத்துக்கொள்வதில்லை. 1973-இல் கொன்ராட் லோரன்ஸ், கார்ல் ஃபான் ஃபிரிஷ் ஆகியோரோடு நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்ட விலங்கு நடத்தை ஆய்வாளர் நிக்கோலாஸ் டின்பெர்கன், ஒரு நடத்தை 'ஏன்' நிகழ்கிறது என்பதை நான்கு வகையில் கேட்க வேண்டும் என்று 1963-இல் எழுதினார்: உடனடியாக அதைத் தூண்டுவது எது, ஓர் உயிரின் வளர்ச்சியில் அது எப்படி உருவாகிறது, அதனால் என்ன பயன், பரிணாமத்தில் அது எங்கிருந்து வந்தது. இந்த நான்கில் எதற்கும் 'அதைச் செய்யலாமா' என்ற கேள்விக்கு விடை சொல்லும் வேலை இல்லை. அந்தக் கேள்வியை நாம் வேறு இடத்தில் தீர்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

மாற முடியுமா என்று நீங்கள் கேட்டதற்கு நான் அடிக்கடி நினைத்துக்கொள்ளும் ஒரு பபூன் கூட்டத்தைப் பற்றிச் சொல்கிறேன். பபூன்கள் முரட்டுத்தனத்துக்குப் பேர்போனவை. கென்யாவில் ராபர்ட் சபோல்ஸ்கி கவனித்து வந்த ஒரு கூட்டத்தின் முரட்டு ஆண்கள், 1980-களின் தொடக்கத்தில், பக்கத்துக் கூட்டத்தின் எல்லையில் இருந்த சுற்றுலா விடுதியின் குப்பைக் குழிக்குச் சண்டையிட்டு உணவெடுக்கச் சென்றன. அங்கே கிடந்த நோயுற்ற இறைச்சியால் காசநோய் பரவி அவை மடிந்தன. கூட்டத்தின் ஆண்களில் ஏறத்தாழ பாதி இல்லாமல் போனது. மிஞ்சியவை சண்டையில் நாட்டமில்லாத, பெண்களோடும் குட்டிகளோடும் இணக்கமாக இருந்த ஆண்கள். அதன்பின் கூட்டத்தில் கடியும் துரத்தலும் குறைந்து, ஒன்றுக்கொன்று பேன் பார்த்து நெருங்கி அமர்ந்திருப்பது கூடியது. இதுவரை சொன்னது வியப்பானதல்ல. ஆண் பபூன்கள் பருவமடைந்ததும் பிறந்த கூட்டத்தை விட்டு வேறு கூட்டத்துக்குப் போய்விடும் என்பதால், சுமார் பத்தாண்டுகளில் அந்தக் கூட்டத்து ஆண்கள் அனைவரும் வெளியிலிருந்து வந்த புதியவர்களாக மாறிவிட்டனர். அப்போதும் அந்தச் சாந்தமான பழக்கம் நிலைத்திருந்ததையும், தாழ்ந்த இடத்தில் இருந்த ஆண்களிடம்கூட மன அழுத்தத்தின் உடல் அறிகுறிகள் குறைவாகவே இருந்ததையும் சபோல்ஸ்கியும் லிசா ஷேரும் 2004-இல் பதிவு செய்தார்கள். படிநிலை அங்கே மறைந்துவிடவில்லை, மேலே இருந்தவர்கள் கீழே இருந்தவர்களை வதைப்பதுதான் குறைந்திருந்தது. புதிதாக வருபவரை அந்தக் கூட்டத்தின் பெண்கள் நடத்திய முறையே புதியவரையும் மாற்றியிருக்கக்கூடும் என்பது ஆய்வாளர்கள் சொல்லும் விளக்கங்களில் ஒன்று. ஒரு பிரிவின் பொறுப்பாளராக, புதியவர்கள் எப்படி நடத்தப்பட வேண்டும் என்பதைத் தீர்மானிக்கும் இடத்தில் இருக்கும் உங்களுக்கு இந்தச் செய்தி என் மற்ற எல்லா வார்த்தைகளையும்விடப் பயன்படும் என்று நம்புகிறேன்.

இனி நீங்கள் செய்ய வேண்டியவை. தகவல்களைத் தாமதப்படுத்துவதை இன்றே நிறுத்துங்கள். உணர்வு மாறிய பிறகு நடத்தையை மாற்றிக்கொள்ளலாம் என்று காத்திருக்க வேண்டாம். பெரும்பாலானவர்களிடம் நடத்தை முதலில் மாறி, உணர்வு பின்னால் மெதுவாக வருவதையே நான் கண்டிருக்கிறேன். அவருக்குப் போக வேண்டியவை உங்கள் விருப்பத்துக்காகக் காத்திராமல் தானாகவே போய்ச் சேரும்படி ஓர் அலுவலக நடைமுறையை ஏற்படுத்திக்கொண்டால், நாள்தோறும் உங்களோடு நீங்களே போராட வேண்டியிராது. மீண்டும் ஒரு கூட்டத்தில் முகம் சூடேறினால், அந்தச் சூட்டை அடக்க முயல வேண்டாம். மூச்சை மெதுவாக, நீளமாக வெளியே விட்டபடி, 'என் இடம் ஆட்டம் காண்கிறது என்று என் உடல் எண்ணுகிறது' என்று மனத்துக்குள் சொல்லிக்கொள்ளுங்கள். உடலின் இந்தக் கொந்தளிப்பு தூண்டுதல் நீங்கியதும் பெரும்பாலும் சில நிமிடங்களில் தணியத் தொடங்கும். அதைத் தொடர்ந்து எரிய விடுவது அன்று இரவு நாம் அதையே திரும்பத் திரும்ப எண்ணிக்கொண்டிருப்பதுதான். எனவே அவரைப் பற்றிய எந்த முடிவையும், எந்த மின்னஞ்சலையும் மறுநாள் வரை ஒத்திவையுங்கள்.

உணவு இடைவேளைக் கேலியை எதிர்த்து நீங்கள் சொற்பொழிவு ஆற்ற வேண்டியதில்லை. 1950-களில் சாலமன் ஆஷ் செய்த புகழ்பெற்ற ஆய்வுகளில், கோடுகளின் நீளத்தை ஒப்பிடும் எளிய கேள்விக்குக் கூடியிருந்த மற்ற அனைவரும் ஒருமித்துத் தவறான விடை சொன்னபோது, ஆய்வுக்கு உட்பட்டவர்களும் மூன்றில் ஒரு பங்கு முறை அந்தத் தவற்றையே சொன்னார்கள். கூட்டத்தில் ஒரே ஒருவர் சரியான விடையைச் சொன்னாலும் அந்தத் தவறு ஏறத்தாழ நான்கில் ஒரு பங்காகச் சுருங்கிப் போயிற்று. உங்கள் உணவு மேசையிலும் மனம் ஒப்பாமல் சிரிப்பவர் நீங்கள் ஒருவர் மட்டுமே என்று நான் நம்பவில்லை. நீங்கள் சிரிக்காமல் இருந்து, "அந்த வேலையை அவர் நன்றாகத்தான் செய்தார்" என்று ஒரு வாக்கியம் சொல்லிவிட்டு வேறு பேச்சுக்குப் போனாலே, தயங்கிக்கொண்டிருக்கும் இன்னொருவருக்கு அது துணையாக அமையும். பொறுப்பாளரின் வாயிலிருந்து வரும் அந்த ஒரு வாக்கியத்துக்கு மற்றவர்களின் சொல்லைவிட எடை அதிகம் என்பதையும் மறக்க வேண்டாம். படிநிலையில் மேலே இருப்பதால் கிடைக்கும் சலுகைகளில் நல்ல முறையில் பயன்படுத்தத்தக்கது இது.

அந்தப் பெண்ணிடம் மன்னிப்புக் கேட்க வேண்டுமா என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனாலும் சொல்லிவிடுகிறேன். தாமதத்தால் அவர் வேலை கெட்டு, அதற்காக அவர் யாரிடமாவது பேச்சு வாங்கியிருந்தால், அந்தத் தாமதம் உங்களுடையது என்பதைச் சம்பந்தப்பட்டவரிடம் சொல்லிவிடுவது கடமை. அப்படி எதுவும் நேரவில்லை என்றால், உங்கள் பொறாமையை அவரிடம் விவரித்து அவரைச் சங்கடத்தில் ஆழ்த்துவதைவிட, அவருடைய திட்டத்தின் அடுத்த கட்டத்தைப் பற்றி உட்கார்ந்து பேசி, உங்கள் வரைவில் சேர்க்காமல் விட்ட குறிப்புகள் இருந்தால் அவற்றை அவருக்குக் கொடுப்பது நல்லது. சிம்பன்சிகள் சண்டைக்குப் பிறகு விளக்கம் கொடுத்துக்கொள்வதில்லை, அருகில் போய் அமர்கின்றன.

மேலாளரிடம் வரைவைப் பற்றிப் பேசுங்கள். பாராட்டுக் கூட்டத்தைப் பற்றியோ அந்தப் பெண்ணைப் பற்றியோ குறை கூறாமல், இன்ன தேதியில் இன்ன வரைவை நான் கொடுத்தேன், திட்டத்தின் ஆவணங்களில் அந்தப் பங்கும் குறிப்பிடப்பட வேண்டும் என்று விரும்புகிறேன் என்ற அளவில் அந்தப் பேச்சு இருக்கட்டும். அந்தப் பெண்ணுக்கு உங்கள் வரைவைப் பற்றித் தெரியாமலேயே இருந்திருக்கவும் கூடும். அவர் அதைத் தெரிந்துகொண்டே மறைத்தார் என்று நீங்கள் எண்ணிக்கொண்டிருந்தால், அந்த எண்ணத்துக்கு ஆதாரம் இருக்கிறதா என்பதைப் பேசப் போகும் முன்பே பார்த்துவிடுங்கள்.

இவ்வளவும் செய்த பிறகும் ஓரிரு மாதங்களுக்கு மேல் தூக்கம் கெடுவது, காலையில் அலுவலகத்தை நினைத்தாலே நெஞ்சு படபடப்பது, வீட்டில் இருப்பவர்கள்மீது எரிந்து விழுவது ஆகியவை தொடர்ந்தால் மனநல ஆலோசகர் ஒருவரை நேரில் சந்திப்பது அவசியம். 47 வயதில் படபடப்பும் முகச் சூடும் அலுவலகத்தோடு தொடர்பில்லாத வேளைகளிலும் வந்தால், தைராய்டு கோளாறாலோ மாதவிடாய் நிற்கும் காலத்தின் மாற்றங்களாலோ அவை வரக்கூடும் என்பதால், அதற்கு முன்பு ஒரு பொது மருத்துவரைப் பார்த்து உடற்பரிசோதனை செய்துகொள்ளுங்கள்.